திருவண்ணாமலை இருப்புப் பாதையும் தானிய வியாபாரமும்

(கூட்டுறவுச் சங்க அங்கத்தினர் கூட்டத்தில் நிகழ்த்தப்பெற்ற சொற்பொழிவு)



திருவண்ணாமலை என்றதும் மலையும் கோயிலும் கார்த்திகைத் தீபமுமே எவருக்கும் நினைவுக்கு வரும். ஆயினும் அவ்வூர் நெடுங்காலமாகத் தானியம் கைமாறும் ஊராகவும் இருந்துவந்திருக்கிறது. பாராமகால் சீமையிலிருந்து செங்கம் கணவாய் வழியாகச் சமவெளிக்கு இறங்கிய பாரவண்டிகள் தங்கிச் சரக்கு மாற்றிய இடம் அது. தீபத் திருவிழாவையொட்டிக் கூடும் மாட்டுச் சந்தையில் உழவு மாடு பிடிக்கச் சுற்று வட்டக் குடியானவர்கள் வந்து சேர்ந்தனர். வழியைக் கைக்கொண்டவனுக்குத் தானியமும் கைக்கொள்ளும் என்பதைப் படைத்தலைவர்களும் அறிந்திருந்தனர். 1767 செப்டம்பரில் கர்னல் ஸ்மித்தின் சேனை செங்கத்தில் ஹைதர் அலியின் படையோடு பொருத பின்னர், உண்ண அரிசியின்றித் திருவண்ணாமலையை நாடி வந்தது.

1876 முதல் 1878 வரை சென்னை இராஜதானியை வாட்டிய தாது வருஷப் பஞ்சத்தில் இவ்வூருக்கு இருப்புப் பாதை கிடையாது. இரயில் எட்டிய ஸ்தலங்களுக்குத் தானியம் போயிற்று. எட்டாத கிராமங்களுக்குக் கொண்டு செல்ல வேண்டிய வண்டி மாடுகளோ தீவனமின்றி மடிந்தன. 1880-ல் பஞ்சக் கமிஷன் இருப்புப் பாதைகளை விரிவாக்கவேண்டுமென்று சிபாரிசு செய்தது. விழுப்புரத்திலிருந்து திருக்கோவலூர், திருவண்ணாமலை, போளூர், வேலூர் வழியாகக் காட்பாடிக்குச் செல்லும் மீட்டர் பாதை 1890-களின் தொடக்கத்தில் திறக்கப்பெற்றது. 1896 செப்டம்பர் 1-ஆம் தேதி இங்கு வந்திறங்கிய பதினாறு வயதுப் பிள்ளை வேங்கடராமனே பின்னாளில் ரமண மகரிஷி எனப் பெயர் பெற்றார். அந்த யாத்திரிகர்கள் இறங்கிய நிலையத்திலேதான் மூட்டைகளும் ஏறின.

ஏறியவற்றில் முக்கியமானது மணிலாக்கொட்டை. விழுப்புரத்தோடு புதுச்சேரிக்கு 1879 முதலே இருப்புப் பாதைத் தொடர்பு இருந்தது. ஆகவே ஆர்க்காட்டுச் செம்மண்ணில் மானாவாரியாக விளைந்த கொட்டை புதுச்சேரித் துறைமுகம் வழியாகப் பிரான்சு தேசத்து மார்சேல் நகரத்து எண்ணெய் ஆலைகளுக்குப் போகலாயிற்று. கம்பும் கேழ்வரகும் விதைத்த நிலங்களிலும் அது புகுந்தது. பணம் வந்தது உண்மையே. ஆனால் மார்சேலில் விலை இறங்கினால் தண்டராம்பட்டிலும் இறங்கும் என்பதும் கூடவே வந்தது. 1929-க்குப் பின் உலகமெங்கும் விலைவாசி சரிந்தபோது இப்பக்கத்துக் குடியானவர் பட்ட துன்பம் சிறிதன்று.

மேலும், பாதை ஒரு திசைக்கு மட்டும் போடப்படுவதில்லை. கப்பலில் வந்த பர்மா அரிசி அதே பாதையில் உள்நாட்டுக்குள் வந்து உள்ளூர் நெல்லின் விலையை அழுத்தியது. 1942-ல் பர்மா ஜப்பானியர் வசமானபோது அந்த அரிசி நின்றது; அதுவரை வேண்டாத பொருளாகக் கிடந்த நெல் அரும்பொருளாயிற்று.

இனி நிலையங்களைக் கவனியுங்கள். பாதை ஆரணிப் பட்டணத்தைத் தொடாமல் போயிற்று. ஆகவே "ஆரணி ரோடு" என்னும் நிலையம் களம்பூரில் நிற்கிறது. களம்பூர் இன்று அரிசிக்குப் பேர்போன ஊர். திருக்கோவலூர் நிலையமோ பெண்ணையாற்றின் மறுகரையில், அரகண்டநல்லூரில் இருக்கிறது. அங்கும் தானியச் சந்தை பெரிது. சரக்குக்குப் பட்டணத்தின் பெருமை தெரியாது, ஏற்றுமிடமே தெரியும்.

ஏற்றுமிடம் அருகில் வந்துவிட்டதால் விலை சொல்லும் அதிகாரமும் குடியானவனிடம் வந்துவிட்டதா? வரவில்லை. இரயில் தூரத்தைக் குறைத்ததேயன்றி, கடனுக்குக் கெடு கொடுக்கவில்லை. கிஸ்தியும் வட்டியும் அறுவடையோடு நெருக்க, களத்திலேயே நெல் அளக்கப்பட்டது. மண்டியில் மாதிரி, தரகு, மகிமை என்று கழிவுகள் போயின. சில மாதம் பொறுத்து விற்றவன், பொறுக்கப் பணமிருந்தவனே. 1904-ல் கூட்டுறவு நாணயச் சங்கச் சட்டம் ஏற்பட்டு, அவ்வருஷமே செங்கற்பட்டு ஜில்லாத் திரூரில் சங்கம் பதிவானதும், பின்னர் விற்பனைச் சங்கங்கள் கிடங்கில் வைத்த சரக்கின்மேல் ஈட்டுக் கடன் கொடுத்ததும் இப்பொறுமையை வாங்கிக் கொடுக்கவே.

அதிலும் எச்சரிக்கை வேண்டும். கானடா தேசத்துக் கோதுமைக் குடியானவர்கள் 1923, 1924-ஆம் ஆண்டுகளில் மாகாணந்தோறும் கூட்டு விற்பனைச் சங்கம் அமைத்து, இரயில் நிலையங்களில் தமக்கெனக் களஞ்சியங்களும் வைத்தனர். நல்ல காரியமே. ஆனால் 1929-ல் அவர்கள் கொடுத்த முன்பணம் பின்னர் விற்ற விலையைவிட அதிகமாகிவிட, மாகாண சர்க்கார்கள் ஜாமீன் நின்று காக்க நேர்ந்தது. கிடங்குக் கடனைச் சரக்கின் முழுவிலைக்குக் கேட்டு நிர்வாகிகளோடு சண்டையிடும் அங்கத்தினர் இதை யோசிப்பாராக.

திருவண்ணாமலைப் பாதை 2010-ல் அகலப் பாதையாயிற்று. 2024 மே மாதம் முதல் சென்னைக் கடற்கரைக்கு நேர்வண்டியும் ஓடுகிறது. அதில் பக்தர்கள் திரளாக வருகிறார்கள். நெல்லோ பெரும்பாலும் லாரியிலேயே போகிறது. 1972-ல் ஏற்பட்ட நுகர்பொருள் வாணிபக் கழகத்தின் கொள்முதல் நிலையத்தில் ஈரப்பதம் நூற்றுக்கு 17-க்கு மேற்படக் கூடாது என்பது பொது விதி. திறந்த வெளியில் குவியல் போட்டு, மேகத்தைப் பார்த்துக்கொண்டு முறை வரக் காத்திருக்கிறவனுக்குப் பக்கத்தில் ஒரு சங்கக் கிடங்கும் உலர்த்துங் களமும் இருந்தால், அவன் அன்றிரவு வீட்டில் உறங்கலாம்.