எமானுவேல் ரீவா: நான் அடையாளம் காணாத நடிகை



திரைப்படங்கள் பற்றி எழுதியும் பேசியும் வருபவன் என்ற முறையில் ஒரு தவறை முதலில் ஒப்புக்கொள்கிறேன். போலந்து நெறியாளர் கீஷ்லொவ்ஸ்கியின் ‘நீலம்’ (1993) படத்தை முதன்முறை பார்த்தபோது, நாயகியின் தாயாக வரும் மூதாட்டியை நான் அடையாளம் காணவில்லை. இல்லமொன்றில் தொலைக்காட்சிப் பெட்டியின் முன் அமர்ந்திருக்கும் அவர், பார்க்க வந்த மகளையே தன் சகோதரி என்று எண்ணிப் பேசுகிறார். சில நிமிடங்களே வரும் பாத்திரம். யாரோ ஒரு துணை நடிகை என்று நினைத்துக்கொண்டேன். முடிவில் பெயர்ப் பட்டியலைக் கண்டதும் வெட்கமாகப் போயிற்று. அவர் எமானுவேல் ரீவா. நான் பலமுறை பார்த்து வியந்த ‘ஹிரோஷிமா, என் அன்பே’ (1959) படத்தின் நாயகி.

அந்தப் படம் மறதியைப் பற்றியது என்பதை நினைக்கையில் என் தவறு இன்னும் உறுத்துகிறது. அலன் ரெனே நெறிப்படுத்திய இப்படத்தின் திரைப்பிரதியை எழுதியவர் நாவலாசிரியை மார்கரித் துராஸ். சமாதானம் பற்றிய படமொன்றில் நடிக்க ஹிரோஷிமா வரும் பிரெஞ்சு நடிகை ஒருத்தி, ஜப்பானியர் ஒருவரைக் காதலிக்கிறாள். போர்க்காலத்தில் நெவேர் நகரில் ஜேர்மன் சிப்பாய் ஒருவனைக் காதலித்ததற்காகத் தலைமயிர் வெட்டப்பட்டு, நிலவறையில் அடைபட்ட கதையை அவனிடம் முதன்முதலாகச் சொல்கிறாள். சொல்லச் சொல்ல, அந்த முதற் காதலையும் மறந்துவிடுவேனோ என்ற அச்சம் அவளைப் பிடித்துக்கொள்கிறது. துராஸின் கவிதை போன்ற உரையாடல் மேடைப் பேச்சாகிவிடாமல் காத்தது ரீவாவின் குரல்.

1927இல் பிரான்சின் வோஜ் பிரதேசத்துக் கிராமமொன்றில் பிறந்தவர் அவர். தையல் வேலை செய்து வந்து, இருபதுகளின் நடுப்பகுதியில் நடிப்புப் பயில பரிஸ் சென்றார். ஹிரோஷிமா படப்பிடிப்பின் இடைவேளைகளில் அந்நகரின் தெருக்களையும் சிறுவர்களையும் நிழற்படம் எடுத்தார். ஏறத்தாழ 50 ஆண்டுகளின் பின் அவை நூலாக வெளிவந்தன. பிரான்சுவா மொரியாக்கின் நாவலைத் தழுவிய ‘தெரேஸ் தெக்கெய்ரூ’ படத்துக்காக 1962இல் வெனிஸ் விழாவில் சிறந்த நடிகை விருதைப் பெற்றார். இலக்கியமும் சினிமாவும் ஒன்றுக்கொன்று குறைவைக்காமல் இணைந்த படங்களுள் இதுவும் ஒன்று என்பேன்.

அதன் பின் அவருடைய பெயர் மெல்ல மங்கியது. வணிகப் பட வாய்ப்புகள் பலவற்றை அவர் ஏற்கவில்லை. மேடையிலும் தொலைக்காட்சிப் படங்களிலும் தொடர்ந்து நடித்தார். கவிதைத் தொகுப்புகளும் வெளியிட்டார். அவர் ஓய்ந்திருக்கவில்லை. என் போன்றவர்கள்தாம் அந்தப் பக்கம் பார்க்கவில்லை.

2012இல் மைக்கல் ஹனெக்கேயின் ‘அமூர்’ வந்தது. பக்கவாதத்தால் உடலும் பேச்சும் படிப்படியாக நழுவிப்போகும் ஓய்வுபெற்ற இசை ஆசிரியை ஆன் பாத்திரத்தில் ரீவா நடித்தார். ஒப்பனையை நம்பிய நடிப்பல்ல அது. ஒரு சொல்லைத் தேடி உதடுகள் தவிப்பதும், கணவன் ஊட்டும் தண்ணீரை மறுத்து வாயை இறுக மூடுவதும் இன்றும் கண்முன் நிற்கின்றன. கான் விழாவில் படம் தங்கப் பனை விருதை வென்றது. ரீவாவுக்குப் பிரான்சின் சேஸர் விருது கிடைத்தது. சிறந்த நடிகைக்கான ஒஸ்கார் பரிந்துரையையும் 85 வயதில் பெற்றார். அதுவரை அப்பிரிவில் பரிந்துரைக்கப்பட்டவர்களுள் அவரே மூத்தவர். விருது விழா நடந்த 2013 பெப்ரவரி 24 அவருடைய 86ஆவது பிறந்தநாள். ஒஸ்கார் வேறொருவருக்குப் போயிற்று.

பத்திரிகைகள் பல இதனை ‘மீள்வருகை’ என்றன. எங்கும் போகாதவர் எப்படி மீண்டு வருவார்?

2014இல் பரிஸ் மேடையொன்றில் துராஸின் ‘சவானா பே’ நாடகத்தில் நடித்தார். நினைவுகளை இழந்துகொண்டிருக்கும் முதிய நடிகையின் பாத்திரம் அது. மறக்க அஞ்சிய இளம்பெண்ணாகத் துராஸின் சொற்களைப் பேசியவர், 55 ஆண்டுகளின் பின் மறந்துபோன மூதாட்டியாக அவருடைய சொற்களையே பேசினார். 2017 ஜனவரி 27இல் பரிஸில் காலமானார்.

‘நீலம்’ படத்தை அண்மையில் மீண்டும் பார்த்தேன். அந்த மூதாட்டி மகளை அடையாளம் காணவில்லை. இம்முறை நான் அவரை அடையாளம் கண்டுகொண்டேன்.