டிலன் பாடிய கன்ட்ரி இசை
(சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



பத்தாம் வகுப்போடு படிப்பை முடித்துக்கொண்டு ரயில்வேயில் கணக்கெழுதும் ஒரு குமாஸ்தாவுக்கு மேனாட்டு இசையைப் பற்றிப் பேச என்ன தகுதி என்று தாங்கள் நினைக்கலாம். கேட்கும் செவி ஒன்றே என் தகுதி. அமெரிக்கப் பாடகர் பாப் டிலன் 1969 ஏப்ரலில் வெளியிட்ட 'நாஷ்வில் ஸ்கைலைன்' என்னும் இசைத்தட்டைப் பற்றிச் சில சொல்ல விழைகின்றேன்.

2016-இல் இலக்கியத்திற்கான நோபல் பரிசு பெற்றவர் என்றால் பலருக்கும் நினைவு வரும். மினசோட்டா மாநிலத்தில் இரும்புச் சுரங்க ஊராகிய ஹிப்பிங்கில் வளர்ந்தவர். 1960-களின் தொடக்கத்தில் நியூயார்க் நகரிலே, கித்தாரும் மௌத் ஆர்கனுமாக நின்று, கறுப்பின மக்களின் உரிமைக்காகவும் போருக்கு எதிராகவும் தாமே பாட்டெழுதிப் பாடினார். இனிமையான குரலன்று, கரகரத்த குரல். அதனையே ஒரு தலைமுறை தன் குரலாக ஏற்றது.

அத்தகையவர், வியத்நாம் போர் கொழுந்துவிட்டெரிந்த நாளில், டென்னசி மாநிலத்து நாஷ்வில் நகரில் அமர்ந்து 'கன்ட்ரி' இசையில் காதற் பாட்டுக்கள் பாடினார்! அவ்விசை தென்மாநிலங்களின் உழவரும் கூலியாட்களும் வளர்த்த இசை. பிரிவு, குடி, சிறை, ஆண்டவன், ரயில் இவையே அதன் பொருள். அதன் தந்தை எனப் போற்றப்படும் ஜிம்மி ராட்ஜர்ஸ் நம் துறைக்காரர் என்பதில் எனக்குத் தனி மகிழ்ச்சி. ரயில் வண்டிகளில் பிரேக் போடும் தொழிலாளியாக இருந்து, காசநோயால் அவ்வேலையை விட்டு, 1927-இல் முதன்முதலாக இசைத்தட்டுக்குப் பாடினார், 1933-இல் மறைந்தார்.

நகரத்து இளைஞர் பலர் கன்ட்ரி இசையைப் பட்டிக்காட்டார் பாட்டென்றும், பழமைவாதிகளின் பாட்டென்றும் எள்ளி வந்தனர். ஆகவே, டிலன் களத்தை விட்டு ஓடிவிட்டார் என்று குறை கூறினவர்களும் இருந்தனர்.

குறை கூறினோர் பக்கமும் சிறிது நியாயம் உண்டு. பத்து உருப்படிகள், அவற்றுள் ஒன்றில் சொல்லே கிடையாது, வாத்தியம் மட்டுமே. எல்லாம் சேர்ந்து 27 நிமிடம். அவருடைய முந்தைய பாட்டுக்களில் இருந்த சொல்லாழம் இங்கே இல்லை. குரலும் வேறு! கரகரப்பு நீங்கிப் பாகு போல் ஒழுகுகின்றது. புகைபிடிப்பதை நிறுத்தியதே காரணம் என்றார் அவர். நான் அதை முழுவதும் நம்பவில்லை.

ஆயினும், என்னைக் கட்டிப்போட்டது முதற்பாட்டு. 'கேர்ள் ஃப்ரம் தி நார்த் கன்ட்ரி' என்னும் அப்பாட்டை 1963-இல் டிலன் தனியே பாடியிருந்தார். இங்கே உடன் பாடுகின்றவர், அர்க்கன்சாவில் பருத்தி பயிரிட்ட குடும்பத்தில் பிறந்த ஜானி கேஷ். கிணற்றுக்குள்ளிருந்து எழுவது போன்ற குரல் அவருக்கு. ஒருவர் முந்துகிறார், மற்றவர் பிந்துகிறார். சில இடங்களில் இருவர் வாயிலும் ஒரே சொல் ஒருங்கே வரவில்லை. திருத்தாமல் அப்படியே வெளியிட்டார்கள். திண்ணையில் இரு நண்பர்கள் பாடுவதைக் கேட்பது போலிருக்கிறது. தட்டின் உறைக்குக் கேஷ் எழுதிய வரிகளுக்குக் கிராமி பரிசும் கிடைத்தது.

'லே லேடி லே' என்ற பாட்டில் பீட் டிரேக் வாசிக்கும் பெடல் ஸ்டீல் கித்தாரைக் கேளுங்கள். கிடத்தி வைத்த தந்திகளின்மேல் எஃகுத் தண்டை வழுக்கி வாசிப்பது. நம் கோட்டுவாத்தியத்தில் கட்டை வழுக்குவது போலத்தான். அதே பாட்டில் கென்னி பட்ரி போங்கோவையும் மாட்டு மணியையும் தட்டுகிறார். அவற்றைக் கையில் பிடித்துக்கொண்டு நின்றவர், அந்நாளில் அந்த ஒலிப்பதிவுக் கூடத்தில் துப்புரவுப் பணி செய்துவந்த கிறிஸ் கிறிஸ்டோஃபர்சன். பின்னாளில் அவரே பெரும் பாடலாசிரியர் ஆனார்.

அன்பர்களே! ஏழைக்காகப் பாடுவது ஒன்று; ஏழை தன் வீட்டில் பாடும் பாட்டைப் பாடுவது மற்றொன்று. முதலாவதைப் புகழ்ந்தவர்கள் இரண்டாவதைக் கண்டு முகஞ் சுளித்தது ஏன்? உழைப்பாளியின் துயரம் வேண்டும், அவனுடைய ரசனை வேண்டாம் என்பதா? டிலன் அவ்விதம் பிரித்துப் பார்க்கவில்லை. 1966, 1967 ஆண்டுகளிலேயே நாஷ்வில் வாத்தியக்காரர்களோடு அமர்ந்து ஒலிப்பதிவு செய்திருக்கிறார். 1969 ஜூனில் கேஷ் நடத்திய தொலைக்காட்சி நிகழ்ச்சியின் முதல் நாளன்றே தோன்றி அவரோடு பாடினார். நாடே பார்த்தது.

செயலாளர் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார். எனக்களித்த நேரத்தில் மூன்றரை நிமிடம் மீதமிருக்கிறது. அந்த முதற்பாட்டை ஒலிபெருக்கியில் வைக்கச் சொல்லியிருக்கிறேன், எல்லோரும் கேட்போம்.