பார்க்காமல் போட்ட கையெழுத்து

(மட்டாஞ்சேரியில் நடந்த உறுப்பினர் குடும்ப சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



"சுவாரஸ்யமா ஏதாவது பேசுங்கோ சார். சர்க்கரை வியாதி, உயில் எழுதறதுன்னு ஆரம்பிச்சுடாதீங்கோ" என்று காரியதரிசி முன்கூட்டியே சொல்லிவிட்டார். சினிமாவைப் பற்றிப் பேசுகிறேன் என்றேன். அவருக்குப் பரம சந்தோஷம். எந்தப் படம் என்று சொன்னதும் ஃபோனில் கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. "அக்ரஹாரத்தில் கழுதை"யா, நம்ம மேடையிலா என்று கேட்டார். நம் மேடையில்தான் பேச வேண்டும் என்று சொன்னேன். பிறகு அவர் தடுக்கவில்லை. அதற்கு முதலில் நன்றி.

என் கையில் இருப்பது 1989-ல் எழுதிய ஒரு மனுவின் ஜெராக்ஸ். எதையும் கிழித்துப் போடாமல் ஃபைல் பண்ணி வைப்பது முப்பத்தெட்டு வருஷம் மத்திய அரசு உத்தியோகம் பார்த்ததில் வந்த வியாதி. அப்போது நான் மாற்றலாகிச் சென்னையில் இருந்தேன். அந்தப் படத்தை தூர்தர்ஷனில் இரவு நேரத்தில் காட்டப்போகிறார்கள் என்று செய்தி வந்தது. எங்கள் பேட்டையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை பத்து நாற்பது பேர் கூடினார்கள். ஆட்சேபணை மனு அனுப்பத் தீர்மானம் ஆயிற்று. ஆபீஸில் நோட் போட்டுப் பழகிய கை என்று டிராஃப்ட் எழுதும் வேலையை என்னிடம் கொடுத்தார்கள். நன்றாகவே எழுதினேன். இப்போது படித்தாலும் ஒரு கமா தப்பில்லை. மொத்தம் முப்பத்தோரு கையெழுத்து. ஏழாவது என்னுடையது.

படம் ஒளிபரப்பாகவில்லை. கடைசி நேரத்தில் விலக்கிக்கொண்டார்கள். எங்கள் மனுவால்தான் நின்றது என்று பீற்றிக்கொள்ள மாட்டேன். மனுக்கள் எங்கே போய்ச் சேரும் என்பது என்னைவிட வேறு யாருக்குத் தெரியும்? ஆனால் அன்றைக்கு ஏதோ யுத்தத்தில் ஜெயித்த மாதிரி ஒருவருக்கொருவர் கைகொடுத்துக்கொண்டோம்.

முப்பத்தோரு பேரில் ஒருவர்கூட அந்தப் படத்தைப் பார்த்ததில்லை. நானும்தான். படத்தின் பெயரை மட்டும் கேட்டிருந்தோம்.

நான் கெமிஸ்ட்ரி பட்டதாரி. காலேஜில் ஒரு தடவை சால்ட் அனாலிஸிஸ் செய்யும்போது பக்கத்து மேஜைப் பையன் "சிங்க் சல்ஃபேட்" என்று கிசுகிசுத்தான். நான் ரிக்கார்டில் சோதனை, கண்டது, முடிவு என்று எல்லாக் கட்டத்தையும் முடிவிலிருந்து பின்னோக்கி நிரப்பிவிட்டேன். புரொபசர் வந்தார். ரிக்கார்டைப் பார்க்கவில்லை, ஸ்டாண்டிலிருந்த டெஸ்ட் ட்யூபை எடுத்துப் பார்த்தார். உலர்ந்து கிடந்தது. என் விடை சரியானதுதான். ஆனாலும் பூஜ்யம் போட்டார். அந்தப் பூஜ்யத்தின் அர்த்தம் எனக்குப் புரிய ரொம்ப வருஷம் ஆயிற்று.

இனி அந்த மனிதரைப் பற்றி.

ஜான் ஆபிரகாம் 1937 ஆகஸ்ட் 11-ல் பிறந்தவர். குட்டநாட்டுப் பக்கத்து சிரியன் கிறிஸ்தவர். பெல்லாரியில் எல்.ஐ.சி.யில் வேலை பார்த்தவர். எல்.ஐ.சி. மாப்பிள்ளை என்றால் அந்தக் காலத்தில் ஜாதகம் பார்க்குமுன்பே பாதி நிச்சயம் ஆன மாதிரி என்பது இங்கே இருக்கும் மாமிகளுக்கு நான் சொல்லத் தேவையில்லை. அந்த வேலையை விட்டுவிட்டு புனே திரைப்படக் கல்லூரியில் சேர்ந்தார். அங்கே ரித்விக் கட்டக் கொஞ்ச காலம் ஆசிரியராக இருந்தார். ஜானுக்கு அவர்தான் குரு. மணி கௌலின் "உஸ்கி ரோட்டி"யில் ஜான் உதவியாளராக வேலை செய்தார். 1972-ல் முதல் படம், "வித்யார்த்திகளே இதிலே இதிலே". அதைப் பற்றி அதிகம் சொல்வதற்கில்லை. பிறகு 1977-ல் "அக்ரஹாரத்தில் கழுதை", 1979-ல் "செறியாச்சன்டெ குரூரகிருத்யங்கள்", 1986-ல் "அம்ம அறியான்". முழுநீளப் படம் என்று பார்த்தால் இந்த நான்குதான். 1987 மே 31-ம் தேதி கோழிக்கோட்டில் ஒரு கட்டடத்தின் மேலிருந்து விழுந்து இறந்துபோனார். ஐம்பது நிறையவில்லை. குடிப்பழக்கம் இருந்தது. மறைக்க வேண்டியதில்லை, அவரே மறைத்ததில்லை.

அதாவது, நாங்கள் ஆட்சேபணை எழுதியபோது, யார் மேல் எழுதினோமோ அவர் போய் இரண்டு வருஷம் ஆகியிருந்தது. அதுகூட எனக்குத் தெரியாது. மனுவில் "இந்த டைரக்டரைக் கண்டிக்கிறோம்" என்று நிகழ்காலத்தில் எழுதியிருக்கிறேன்.

இன்னொன்றும் தெரியாது. அந்தப் படத்தின் திரைக்கதையை எழுதியவர் வெங்கட் சாமிநாதன், கும்பகோணத்துக்குப் பக்கத்தில் உடையாளூர்க்காரர். ஹிராகுட் அணைக்கட்டிலும் பிறகு டெல்லியிலும் உத்தியோகம் பார்த்துக்கொண்டே இலக்கிய விமரிசனம் எழுதியவர். 2015-ல் காலமானார். பேராசிரியராக நடித்தவர் எம்.பி. ஸ்ரீனிவாசன், சேர்ந்திசைக்காகச் சென்னையில் யூத் கொயர் ஆரம்பித்த அதே எம்.பி.எஸ். படத்துக்கு சங்கீதமும் அவர்தான். அவரும் 1988-லேயே போய்விட்டார். யாரோ வெளியிலிருந்து வந்து நம்மைத் திட்டுகிறான் என்றல்லவா நாங்கள் நினைத்தோம்? பேனாவும் பாட்டும் நம் தெருவிலிருந்து போனவை.

படத்தைப் பார்த்தது 2021-ல், கொரோனா காலத்தில். பெண் யூட்யூபில் போட்டுக் கொடுத்தாள். நானும் ஆத்துக்காரியும் உட்கார்ந்து பார்த்தோம். கறுப்பு வெள்ளை. ராமச்சந்திர பாபுவின் ஒளிப்பதிவு.

கதை இதுதான். தாயை இழந்த ஒரு கழுதைக்குட்டி நாராயணஸ்வாமி என்கிற காலேஜ் புரொபசரிடம் அடைக்கலம் வருகிறது. அவர் இரக்கப்பட்டு வளர்க்கிறார். காலேஜில் கேலி. கிராமத்தில் அப்பா அம்மாவிடம் கொண்டு விடுகிறார். அங்கே அதைப் பார்த்துக்கொள்வது உமா என்கிற வாய் பேச முடியாத வேலைக்காரப் பெண். அக்ரஹாரத்தில் அது அங்கே நுழைந்தது, இங்கே தீட்டாயிற்று என்று ரகளை. உமாவுக்கு ஒருவன் செய்த அநியாயத்தில் குழந்தை பிறந்து, இறந்தே பிறந்து, அது கோயில் பக்கத்தில் கிடக்கிறது. பழி கழுதை மேல். அடித்தே கொன்றுவிடுகிறார்கள். கொன்ற பிறகு ஊரில் சில நல்ல காரியங்கள் நடக்கின்றன. எல்லாம் அதன் மகிமை, அதற்கே கோயில் கட்டலாம் என்கிறார்கள்! கடைசியில் ஊர் தீப்பற்றி எரிகிறது. புரொபசரும் உமாவும் மிஞ்சுகிறார்கள்.

முடிந்ததும் நான் ஏதோ சமாதானம் சொல்ல வாயெடுத்தேன். ஆத்துக்காரி சொன்னாள்: "கழுதையைப் பத்தி எதுக்கு இத்தனை சண்டை போட்டேள்? படம் அந்தப் பொண்ணைப் பத்தின்னா. ரெண்டுக்கும் வாய் கிடையாது, அதான் ரெண்டு பேர் தலையிலயும் போட்டுட்டா."

எங்கள் கிராமம் பாலக்காட்டுப் பக்கம். எனக்குப் பத்து வயது இருக்கும்போது கொல்லைப்புறம் பாத்திரம் தேய்க்க ஒரு பெண் வருவாள். ஒரு நாள் வரவில்லை. மறுநாளும் வரவில்லை. கிணற்றடியில் பெரியவர்கள் தாழ்ந்த குரலில் ஏதோ பேசினார்கள். அடுத்த வாரம் வேறு ஒருத்தி வந்தாள். விஷயம் முடிந்துபோயிற்று. அறுபது வருஷத்தில் ஒரு தடவைகூட நான் அவளை நினைத்ததில்லை. அன்றைக்கு ராத்திரி ஞாபகம் வந்தது. முகம் வந்தது, பாத்திரத்தைக் கவிழ்த்து வைக்கிற சத்தம்கூட வந்தது. பெயர் மட்டும் வரவில்லை. ஒரு வேளை எனக்கு எப்போதுமே தெரிந்திருக்கவில்லையோ என்னவோ.

முன்வரிசையில் ஒரு அன்பர் முகம் சுளிப்பது தெரிகிறது. நியாயம்தான். எனக்கும் இந்தப் படத்தின் மேல் குறை உண்டு. அக்ரஹாரத்தில் எல்லோரும் ஒரே அச்சில் வார்த்த மாதிரி வருகிறார்கள். இரக்கமுள்ளவர் வேண்டுமென்றால் மெட்ராஸிலிருந்து புரொபசர் வர வேண்டியிருக்கிறது. நான் பார்த்த அக்ரஹாரம் அப்படி இல்லை. பட்டினி கிடப்பவனுக்குச் சத்தமில்லாமல் சாதம் வைத்தவர்கள் அங்கே உண்டு. நடிப்பு சில இடங்களில் நாடகக் கொட்டகைத்தனம். அதோடு அது என்ன காலம்? தமிழ்நாட்டில் மேடைக்கு மேடை நம்மவர்களைக் கேலி பேசிக் கைதட்டல் வாங்கிய காலம். கிராமத்து வீடுகளை விற்றுவிட்டு பம்பாய்க்கும் டெல்லிக்கும் மூட்டை கட்டிய காலம். பட்ட இடத்திலேயே படுகிறது என்று தோன்றத்தான் செய்யும். அதனால்தான் கையெழுத்துப் போட்டோம். அந்த வலி பொய் இல்லை.

ஆனால் ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். இந்தப் படத்துக்கு 1977-ன் சிறந்த தமிழ்ப் படம் என்று தேசிய விருது கிடைத்தது. அடுத்த படத்தில் அந்த மனிதர் என்ன செய்தார்? சொந்த ஊருக்கே போனார். "செறியாச்சன்" குட்டநாட்டு நிலச்சுவான்தார், அவருடைய ஜாதியே. ஏழை விவசாயிகளுக்கு நடந்த கொடுமையைப் பார்த்துவிட்டு, தான் ஒன்றும் செய்யாமல் இருந்த குற்ற உணர்ச்சியில் புத்தி பேதலித்துப்போகிறவர். சிரிப்பு நடிகர் அடூர் பாஸி அதில் நடித்தார். அடுத்த வீட்டுக் கூரை மேல் மட்டும் ஏறியவர் அல்ல ஜான். எங்கள் மனுவில் "தன் மதத்தாரைப் பற்றி இப்படி எடுக்கத் துணிவாரா?" என்று ஒரு பாரா இருக்கிறது, நான் எழுதியதுதான். அதற்குப் பத்து வருஷம் முன்பே எடுத்துவிட்டார்.

கடைசிப் படத்துக்குத் தயாரிப்பாளரே கிடையாது. 1984-ல் நண்பர்களோடு சேர்ந்து "ஒடேசா" என்று ஒரு குழு ஆரம்பித்தார். ஊர் ஊராகப் போய்ப் பறை அடித்து, தெருநாடகம் போட்டு, சாப்ளின் படம் மாதிரி நல்ல படங்களைக் காட்டி, ஜனங்களிடம் ஐந்தும் பத்துமாக வசூல் செய்தார்கள். எடுத்து முடித்த படத்தையும் தியேட்டர் வியாபாரத்துக்கு விடாமல், காசு கொடுத்த ஜனங்களிடமே கொண்டுபோய்க் காட்டினார்கள். நமக்குப் புரிகிற மாதிரி சொன்னால் உஞ்சவிருத்தி. பாகவதர் தம்பூராவோடு வீதியில் வந்தால் அரிசி போடுகிறோம், அந்த அரிசியில் ராத்திரி ராதா கல்யாணம் நடக்கிறது, போட்டவர்களே வந்து உட்காருகிறார்கள். சினிமாவை அப்படி எடுக்கலாம் என்று ஒருவருக்குத் தோன்றியதே எனக்கு ஆச்சரியம். எழுபதாயிரம் ரூபாய்க்கு ஆபீஸ் பர்னிச்சர் வாங்க மூன்று டெண்டர் விட்டவன் நான்.

அந்த "அம்ம அறியான்" இந்த ஊரில் நாம் கூடியிருப்பதற்குப் பொருத்தமான படம். ஜாய் மாத்யூ நடித்த புருஷன் டெல்லிக்குக் கிளம்புகிறான். வழியில் ஒரு இளைஞனின் பிரேதத்தைப் பார்க்கிறான். தெரிந்த முகம், தபலா வாசிக்கிற ஹரி. கொச்சியில் இருக்கும் அவன் அம்மாவுக்குச் சொல்ல வேண்டும். வயநாட்டிலிருந்து வரும் வழியெல்லாம் ஒவ்வொரு நண்பனாகச் சேர்ந்துகொள்கிறான். தாயாரிடம் சாவுச் செய்தி சொல்லத் தனியாகப் போகக்கூடாது என்பது நம் வழக்கமும்தானே.

அதைப் பார்த்த பிறகுதான் நான் இந்த ஊரைப் பற்றி விசாரித்தேன். உத்தியோக காலத்தில் பல வருஷம் வில்லிங்டன் தீவுக்குப் படகில் போய்வந்தவன். மட்டாஞ்சேரி என்றால் எனக்கு அரண்மனை, பஜார் ரோடு, மிளகு வாசனை. "சாப்பா" என்ற வார்த்தையே தெரியாது. துறைமுகத்தில் அன்றைய வேலைக்கான உலோக வில்லைகளைக் கூட்டத்தில் வீசி எறிவார்களாம். பொறுக்கி எடுத்தவனுக்கு வேலை, கிடைக்காதவன் வீட்டுக்குப் போக வேண்டியது. அதை எதிர்த்து 1953-ல் வேலைநிறுத்தம், செப்டம்பர் 15-ல் துப்பாக்கிச்சூடு. சைது, சைதலவி, ஆன்டணி என்று மூன்று பேர் போனார்கள். ராஜீவ் ரவி இதையே "துறமுகம்" என்று எடுத்து 2023-ல் வெளிவந்தது. நாற்பது நிமிஷ நடையில் இருக்கிற விஷயம், எனக்கு சினிமாக்காரர்கள் சொல்ல வேண்டியிருந்தது.

காரியதரிசி மணியைப் பார்க்கிறார். முடித்துவிடுகிறேன். ப்ரொஜெக்டர் ஏற்பாடு ஆகியிருக்கிறது. "அக்ரஹாரத்தில் கழுதை" ஒன்றரை மணி நேரத்துக்குச் சற்று மேல். காபியும் தவலை வடையும் தயார். சாப்பிட்டுவிட்டு வாருங்கள். பிடிக்காதவர்கள் பாதியில் எழுந்து போகலாம், ஒருவரும் தப்பாக நினைக்க மாட்டோம். பார்த்த பிறகு ஆட்சேபணை இருந்தால் சொல்லுங்கள், டிராஃப்ட் நான் போட்டுத் தருகிறேன்.