பதியாத பொருளுக்குச் சரித்திரம் இல்லை

(கேமரன் மலைத் தேயிலைத் தோட்டத் தொழிலாளர் கூட்டமொன்றில் சங்கத் தொண்டரான ஒரு தோட்டக் கிராணியார் ஆற்றிய சொற்பொழிவு)



சம்பளம், வீடு, மருத்துவ வசதி ஆகியவற்றைப் பற்றி எனக்கு முன் பேசிய தோழர்கள் விளக்கமாகச் சொல்லிவிட்டார்கள். எனக்குக் கொடுத்திருக்கும் தலைப்பு சற்று வேறானது. பழம்பொருள்களின் பட்டியலைப் பற்றி நான் பேச வேண்டும். "பழம்பொருளுக்கும் தொழிலாளிக்கும் என்ன சம்பந்தம்?" என்று நீங்கள் கேட்கலாம். சம்பந்தம் உண்டு.

நான் கிராணி. என் தொழில் பெயர் எழுதுவது. செக்ரோலில் பெயர் பதியாத நாளுக்குச் சம்பளம் இல்லை என்பது உங்களுக்குத் தெரியும். மழையில் நனைந்து மலைச்சரிவில் நின்றிருக்கலாம். ஆனாலும் ஏட்டில் இல்லையென்றால் அந்த நாள் இல்லை. பொருள்களின் கதியும் இதுவேதான். பதிந்த பொருள் நிற்கிறது. பதியாத பொருள் குப்பைக்குப் போகிறது.

ஒரு வட்டாரத்தில் வழங்கிய நாணயம், வில்லை, சிலை, சித்திரம் ஆகியவற்றை வரிசைப்படுத்தி, ஒவ்வொன்றுக்கும் ஓர் எண் கொடுத்து, உலோகம் என்ன, அளவு என்ன, என்ன எழுதியிருக்கிறது, யார் வெளியிட்டார், எந்த ஆண்டு என்று எழுதி வைப்பதுதான் பட்டியல் நூல். மலாயா நாணயங்களைப் பற்றி பிரிட்மோர் என்பவர் எழுதிய நூல் 1955-இல் சிங்கப்பூரில் வெளிவந்தது. மலேசியா, சிங்கப்பூர், புருணை நாணயங்களுக்கெல்லாம் சரண் சிங் 1986-இல் ஒரு பெருநூல் வெளியிட்டார். நாணயம் சேகரிப்பவர்கள் அந்நூலின் எண்ணைச் சொன்னாலே எந்தக் காசு என்று தெரிந்துகொள்கிறார்கள்.

இத்தகைய நூல்களில் அரசர்களின் காசு மட்டுமா இருக்கிறது? இல்லை, தோழர்களே! நம்மைப் போன்றவர்களின் கூலியும் இருக்கிறது.

இலங்கையை எடுத்துக்கொள்ளுங்கள். அங்கே தேயிலைக்கு முன் கோப்பி பயிரானது. தமிழ்நாட்டிலிருந்து போன நம் மக்கள் மலைநாட்டில் அதை விளைவித்தார்கள். கொழும்பு ஆலைகளில் பெண்கள் உட்கார்ந்து கொட்டை பொறுக்கினார்கள். சில்லறைக் காசு போதாத காலம் அது. ஆகவே வியாபாரக் கம்பெனிகள் தங்கள் பெயரைப் பொறித்துச் செம்பிலும் பித்தளையிலும் வில்லைகளை அடித்துக் கூலிக்கு அடையாளமாகக் கொடுத்தன. ஜார்ஜ் ஸ்டூவர்ட் கம்பெனியின் வில்லையில் 1843 என்று ஆண்டே இருக்கிறது. லோஸ்லி என்ற ஆங்கிலேயப் படை அதிகாரி 1895-இலும், காட்ரிங்டன் என்ற சிவில் அதிகாரி 1924-இலும் இவற்றை வரிசைப்படுத்தி எழுதினார்கள். அவர்கள் எழுதியிராவிட்டால் அந்த வில்லைகளை உருக்கிக் குத்துவிளக்காக வார்த்திருப்பார்கள்.

நமக்கு எதிர்க்கரையான சுமத்ராவில் புகையிலைத் தோட்டங்களும் மற்றத் தோட்டங்களும் இப்படியே தங்களுக்கென்று காசு அடித்தன. லான்சன், வெல்ஸ் என்னும் இருவர் 2001-இல் அவற்றுக்கென்றே டச்சு மொழியில் ஒரு பட்டியல் வெளியிட்டிருக்கிறார்கள். 1955 வரை சிங்கப்பூரின் ஆட்சியில் இருந்த கொக்கோஸ் தீவுகளில் கிளூனிஸ் ராஸ் குடும்பத்தார் தென்னந்தோப்புத் தொழிலாளிகளுக்கு வில்லைகளைத்தான் கூலியாகக் கொடுத்தார்கள். அந்த வில்லை தோட்டத்துக் கடையில் மட்டுமே செல்லும். கடல் தாண்டினால் செல்லாக் காசு! 1978-இல் ஆஸ்திரேலிய அரசாங்கம் தீவுகளை வாங்கிய காலம் வரை இந்த நிலை நீடித்தது.

தோழர்களே, இதில் ஒரு பாடம் இருக்கிறது. நம் நாட்டின் 1955-ஆம் ஆண்டு வேலைச் சட்டம், சம்பளத்தை எங்கே, எப்படி, யாரிடம் செலவழிக்க வேண்டும் என்று முதலாளி போடும் நிபந்தனை செல்லாது என்கிறது. வெறுமனே படித்தால் அது ஒரு வரி. கொக்கோஸ் வில்லையைக் கையில் வைத்துக்கொண்டு படித்துப் பாருங்கள். அந்த வரி எத்தனை பேருடைய வயிற்றெரிச்சலிலிருந்து பிறந்தது என்பது விளங்கும்.

ஆனால் ஒரு குறையும் சொல்ல வேண்டும். பட்டியல் நூல்களில் கம்பெனியின் பெயர் உண்டு. அந்த வில்லையைச் சேலைத் தலைப்பில் முடிந்துகொண்டு போன பெண்ணின் பெயர் இல்லை. உலோகம் உண்டு, எடை உண்டு, எவ்வளவு அரியது என்ற குறிப்பும் உண்டு. அது எத்தனைக் கூடைக்குக் கிடைத்தது, அதைக் கொடுத்து எவ்வளவு அரிசி வாங்கலாம், மக்கள் அதை என்ன பெயர் சொல்லி அழைத்தார்கள் என்பதெல்லாம் பெரும்பாலும் இல்லை. பட்டியல் எழுதியவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. கையில் கிடைத்ததை அவர்கள் எழுதினார்கள். மற்றதை எழுத வேண்டியவர்கள் நாம்.

பதிவு என்பது வெறும் பெருமைக்கல்ல, அது சாட்சி. அரியலூர் மாவட்டம் ஸ்ரீபுரந்தான் கோயிலின் நடராசர் சிலை திருடு போயிற்று. 2008-இல் ஆஸ்திரேலியத் தேசியக் கலைக்கூடம் சுமார் 50 இலட்சம் அமெரிக்க டாலருக்கு அதை வாங்கியது. "இது எங்கள் சாமி" என்று ஊரார் அழுதால் மட்டும் கிடைத்துவிடுமா? 1955-இல் தொடங்கப்பட்ட புதுச்சேரி பிரெஞ்சு ஆய்வு நிறுவனம் கோயில்களிலுள்ள சிலைகளைப் படம் எடுத்து வைத்திருந்தது. அந்தப் படம் சாட்சி சொன்னது. 2014-இல் நடராசர் இந்தியாவுக்குத் திரும்பினார். படம் எடுக்காத சிலைகளுக்காக யார் வழக்காடுவது?

இனி நம் மலைக்கு வருவோம். இங்கே போ தோட்டம் 1929-இல் தொடங்கியது. காட்டை வெட்டிச் செடி நட்டவர்கள் மறைந்துவிட்டார்கள். அவர்களுடைய மக்களும் முதுமை அடைந்துவிட்டார்கள். பிள்ளைகள் ஈப்போவுக்கும் கோலாலம்பூருக்கும் போய்விட்டார்கள். லயத்து வீட்டைக் காலி செய்யும்போது மூலையில் என்ன கிடக்கிறது? கையால் கொழுந்து பறித்த காலத்துக் கூடை, கவாத்துக் கத்தி, நிறுவைச் சீட்டு, பழைய சம்பளச் சீட்டு, கப்பலில் கொண்டுவந்த தகரப் பெட்டி. கீழ்நாட்டு ரப்பர்த் தோட்டங்களில் என்றால் பால் வாளி, மங்கு, பால் வெட்டும் கத்தி. பழைய இரும்புக்காரர் இவற்றைக் கிலோ கணக்கில் வாங்கிப் போகிறார். பிறகு அதே பொருள் கண்ணாடிப் பெட்டிக்குள் நிற்கிறது. யாருடையது என்று சொல்ல ஆள் இல்லை.

ஆகையால் நான் கேட்பது இதுதான். ஒவ்வொரு தோட்டக் கிளையும் ஒரு நோட்டுப் புத்தகம் போட வேண்டும். ஒரு பொருளுக்கு ஒரு பக்கம். மேலே ஓர் எண். அதன் கீழ், நம் மக்கள் அதற்குச் சொல்லும் பெயர். பிறகு எதனால் செய்தது, அளவு, எழுத்து இருந்தால் அது அப்படியே. எந்தத் தோட்டம், எந்த டிவிஷன், எந்தக் காலம். யார், எந்த வேலைக்குப் பயன்படுத்தினார், இப்போது யாரிடம் இருக்கிறது. பக்கத்தில் ஓர் அடிக்கோலை வைத்துக் கைத்தொலைபேசியில் ஒரு படம். அவ்வளவுதான்.

மூன்று எச்சரிக்கைகள். ஒன்று, பொருளை வீட்டாரிடமிருந்து வாங்காதீர்கள். எழுதிக்கொண்டு அவரிடமே விட்டுவிடுங்கள். இரண்டு, பித்தளையைப் புளி போட்டுத் தேய்க்காதீர்கள். பளபளப்பு வரும், எழுத்து போய்விடும். மூன்று, தெரியாததை ஊகித்து எழுதாதீர்கள். இடத்தைக் காலியாக விடுங்கள். பொய்ப்பெயர் ஏறிய செக்ரோலைவிட வெற்றுத்தாள் மேல்.

நோட்டை மூன்று பிரதி எடுத்து ஒன்றைக் கிளையிலும், ஒன்றைத் தமிழ்ப் பள்ளியிலும், ஒன்றைச் சங்கத் தலைமையகத்திலும் வைப்போம். இன்று நம்மோடு இம்மலையில் கொழுந்து வெட்டும் வங்காளதேச, நேப்பாளத் தோழர்களின் பொருளும் அதில் ஏறட்டும். நம் பாட்டன்மார் பட்ட பாட்டை இன்று அவர்கள் படுகிறார்கள்.

அடுத்த கூட்டத்துக்கு ஒவ்வொரு டிவிஷனிலிருந்தும் ஒரு பக்கமாவது வர வேண்டும். வயதான தாய்மார்கள் சொல்லட்டும், பள்ளிப் பிள்ளைகள் எழுதட்டும். எழுத்தில் சந்தேகம் வந்தால் என்னிடம் வாருங்கள். மாலையில் பிரட்டுக்களத்தருகே இருப்பேன்.