பளிங்கும் வண்ணமும்



கார்த்திகைத் தீபத் திருநாளாகிய இன்று உத்திரமேரூர்த் திருக்கோயில் முற்றத்தில் நாம் கூடியிருக்கின்றோம். நம்மில் பலர் வைரமேக தடாகமாகிய பேரேரியின் கரை வழியே வந்தோம். ஏரி நிறைந்து வயல் பச்சை போர்த்திருந்தால் நம் உள்ளம் மலர்கின்றது. மழை பொய்த்து மண் வெளுத்துக் கிடந்தால் அதே வழியில் நம் முகம் வாடுகின்றது. நிலத்தின் நிறம் நெஞ்சின் நிறமாகின்றதன்றோ?

இவ்வியல்பைச் சைவ சித்தாந்தம் பளிங்கை உவமை காட்டி விளக்குகின்றது. பளிங்குக்கெனத் தனி நிறமில்லை. செம்பருத்தியைச் சார்ந்தால் சிவக்கும். நீல மலரைச் சார்ந்தால் நீலமாகும். மலரை அகற்றினால் தெளிந்து நிற்கும். உயிரும் சார்ந்ததன் வண்ணமாவது என்பதே மெய்கண்டார் வழிவந்த சான்றோர் கொள்கை.

இதில் நமக்கு அச்சமும் உண்டு, ஆறுதலும் உண்டு. சினம் நிறைந்த இல்லத்தில் வளரும் மகவு அந்நிறமே கொள்ளும், இஃது அச்சம். துயருற்றோர் இருளே தம் நிறம் என மயங்குகின்றனர், அது சார்ந்த நிறமேயன்றிச் சொந்த நிறமன்று, இஃது ஆறுதல்.

அங்ஙனமாயின், கணவனை இழந்த பெண்ணின் நெற்றித் திலகத்தையும் வண்ணச் சேலையையும் பறித்து, மங்கல விளக்கின் முன் வாராதே என விலக்குவது எவ்வாறு சைவமாகும்? இருளில் இருப்பவரை ஒளியின் அருகே சேர்ப்பதன்றோ அறம்?

காஞ்சிக் கயிலாயநாதர் கோயிலை எண்ணுவோம். இராசசிம்ம பல்லவன் எடுப்பித்த அக்கோயிலின் சிற்றாலயங்களில் பழைய ஓவியங்கள் பிற்காலப் பூச்சுக்குள் மறைந்து கிடந்தன. 1931-இல் பிரெஞ்சு அறிஞர் ழூவோ துப்ராய் அவற்றைக் கண்டறிந்தார். சோமாஸ்கந்தர் திருவுருவம் சிதைந்தும், காவியும் மஞ்சளும் இன்றும் எஞ்சி நிற்கின்றன. தாயின் இடுப்பிலிருந்து நாம் கண்ட தீபத்தின் செம்மையும், அவள் நம் நெற்றியில் இட்ட நீற்றின் வெண்மையும் அவ்வாறே நினைவின் அடியில் உறைகின்றன. துயரப் பூச்சு அவற்றை மறைக்கும், அழித்துவிடாது. ஒரு விளக்கின் ஒளி போதும், அவை மீண்டும் விளங்க.

உச்சிக் கதிரவன் ஒளியில் நின்ற பளிங்கு அயல் நிறம் காட்டாது, அவ்வொளியாகவே விளங்கும் என்பர். இறைவனைச் சார்ந்த உயிரின் நிலையும் அதுவே. ஆதலின், அன்பர்களே, இன்று தீபம் ஏற்றப்படும்போது நம் தெருவில் தனித்திருக்கும் ஒருவரையேனும் கைப்பற்றி அழைத்து வருவோம். நாமும் அவரும் ஒரே ஒளியின் வண்ணமாவோம்.

திருச்சிற்றம்பலம்.