பூட்டா? நோட்டீசா?



எங்கப்பா மூணு வருஷ ஒப்பந்தத்துல கடையை வாடகைக்கு விட்டார். கெடு முடிஞ்சுது. கடைக்காரர் காலி பண்ணலை. "அடுத்த மாசம் சார்"னு வாடகையை நீட்டினார். அப்பாவும் மறுக்காம வாங்கிக்கிட்டார். அங்கேதான் தப்பு! 1882-ஆம் வருஷத்துச் சொத்து மாற்றச் சட்டப்படி, கெடு முடிஞ்ச பிறகும் சம்மதிச்சு வாடகை வாங்கினா, ஒப்பந்தத்துல வேற மாதிரி எழுதாத வரைக்கும், கடை மாச வாடகையில தொடருதுன்னு அர்த்தம்.

எங்கண்ணன் பூட்டோட கிளம்பிட்டார். நான் வாசல்ல குறுக்கே நின்னேன். ஏன் தெரியுமா? சட்டப்படி இல்லாம வெளியேத்தினா, அவர் 6 மாசத்துக்குள்ள வழக்குப் போட்டுக் கடையைத் திரும்ப வாங்கிடலாம். 1963-ஆம் வருஷத்துக் குறித்தவகைத் துயர்துடைப்புச் சட்டம் அப்படிச் சொல்லுது. 'கட்டடம் எங்களுது'ங்கற வாதம் அங்கே எடுபடாது!

அதனால எங்க அணி சொல்றது இதுதான்: பூட்டை வீட்டிலேயே வெச்சுட்டு, நோட்டீஸ் அனுப்புங்க. தமிழ்நாட்டுல 2019 பிப்ரவரியில அமலுக்கு வந்த வாடகைச் சட்டப்படி ஒப்பந்தத்தைப் பதிவு பண்ணுங்க. தகராறு வந்தா வாடகை நீதிமன்றம் போங்க.

"சட்டம் லேட்டாகும்"னு எதிரணி சொல்றாங்க. ஒத்துக்கறேன். எங்கப்பா கடைசிவரைக்கும் அந்தச் சாவியைப் பார்க்கலை. ஆனா, எங்கண்ணன் ஜெயில் கம்பியையும் பார்க்கலை!

(கைதட்டல்)