மாயர் கோயில்களும் பாறைக் கிணறுகளும்

(நமது மூத்த குடிமக்கள் குழுவின் மாலைச் சந்திப்பில் ‘சி’ பிளாக் உறுப்பினர் ஒருவர் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம்.)



மகள் வீட்டுக்கு அமெரிக்கா போய்விட்டு வந்ததிலிருந்து, காலை நடையில் பார்க்கிறவர்கள் எல்லாம் “மெக்சிகோ போனீங்களாமே, எப்படி இருந்தது?” என்று கேட்டுக்கொண்டே இருக்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்லி மாளவில்லை. செயலாளர்தான், “சார், ஒரே தடவையாக மைக்கில் சொல்லிவிடுங்கள்” என்றார். அரை மணி நேரம் கொடுத்திருக்கிறார். அதற்குள் முடித்துவிடுகிறேன்.

முதலில் ஒரு நடைமுறைச் செய்தி. செல்லுபடியாகும் அமெரிக்க விசா நம் பாஸ்போர்ட்டில் இருந்தால், மெக்சிகோவுக்குச் சுற்றுலா போகத் தனி விசா தேவைப்படவில்லை. இந்த விதிகள் மாறக்கூடியவை என்பதால் டிக்கெட் போடும் முன் தூதரக இணையதளத்தில் ஒருமுறை சரிபார்த்துக்கொள்ளுங்கள். பிள்ளைகளைப் பார்க்கப் போகிறவர்கள் ஒரு வாரத்தை இதற்கு ஒதுக்கினால் போதும்.

நாங்கள் போனது யுகடான் தீபகற்பம். மாயர்களின் பழைய நகரங்கள் பல அங்கேதான் இருக்கின்றன. பலர் நினைப்பதுபோல் மாயர்கள் அழிந்துபோன இனம் அல்ல. 2020 கணக்கெடுப்பின்படி மெக்சிகோவில் ஏழரை லட்சத்துக்கும் மேற்பட்டவர்கள் இன்றும் யுகடான் மாயா மொழி பேசுகிறார்கள். எங்கள் இரண்டாவது பயணத்தின் வழிகாட்டியும் அவர்களில் ஒருவர்தான்.

உங்களில் பலருக்குத் தெரியும், நான் பணிக்காலம் முழுவதும் நிலத்தடி நீர் சம்பந்தமான வேலையில் இருந்தவன். அதனால் ஓர் ஊருக்குப் போனால் முதலில் ஆறு எங்கே, ஏரி எங்கே என்றுதான் கண் தேடும். யுகடானின் வடபகுதியில் மணிக்கணக்காகப் பயணம் செய்தோம். ஒரு பாலம்கூடக் குறுக்கே வரவில்லை. ஆறே கிடையாது! தரை முழுவதும் சுண்ணாம்புப் பாறை. மழை பெய்தால் தண்ணீர் ஓடுவதில்லை, நேராகக் கீழே இறங்கிவிடுகிறது. இறங்கும் வழியில் பாறையைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கரைத்துக் குகைகளை உண்டாக்குகிறது. காலப்போக்கில் குகையின் கூரை இடிந்து விழுந்தால் உள்ளே இருக்கும் தண்ணீர் வெளியே தெரியும். அந்த இயற்கைக் கிணற்றுக்குத்தான் ‘செனோட்டே’ என்று பெயர். மாயா மொழிச் சொல் ஸ்பானிஷ் வாயில் அப்படி ஆகிவிட்டது. இப்படி ஆயிரக்கணக்கில் இருக்கின்றன.

இன்னொரு வியப்பு. சுமார் 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் ஒரு விண்கல் விழுந்து டைனோசர்கள் அழிந்தன என்று பேரப்பிள்ளைகள் படிக்கிறார்களே, அது விழுந்தது இந்தத் தீபகற்பத்தின் வட முனையில்தான். சிக்சுலூப் என்ற இடம். அந்தப் பள்ளம் இன்று மண்ணுக்கு அடியில் புதைந்து கிடக்கிறது. ஆனால் அதன் விளிம்பையொட்டி வளையம் போலச் செனோட்டேக்கள் வரிசையாக அமைந்திருக்கின்றன.

இப்போது பயணத்துக்கு வருகிறேன். இரண்டு பகல் பயணங்கள் போனோம். ஒன்றில் ஏமாந்தோம், ஒன்றில் நிறைந்தோம். ஏமாந்ததை முதலில் சொல்கிறேன், உங்களுக்கு உதவும்.

முதல் பயணம் கன்கூன் நகரத்திலிருந்து சிச்சேன் இட்சாவுக்கு. சுமார் 200 கி.மீ. விலை மலிவாக இருக்கிறதே என்று ஒரு பெரிய பேருந்துப் பயணத்தைப் பதிவு செய்தோம். காலை ஏழு மணிக்குக் கிளம்பியது. அரை டஜன் ஓட்டல்களில் ஆள் ஏற்றிக்கொண்டது. பிறகு ஒரு கைவினைப் பொருள் கடையில் ஒரு மணி நேரம் நிறுத்தினார்கள். கோயிலுக்குப் போய்ச் சேர்ந்தபோது உச்சி வெயில். நம் ஊர் சித்திரை வெயில் மாதிரி.

அங்குள்ள பெரிய பிரமிடு சுமார் 30 மீட்டர் உயரம். நான்கு பக்கமும் பக்கத்துக்கு 91 படிகள், மேலே ஒரு படி, ஆக 365. ஓர் ஆண்டின் நாள் கணக்கு. மார்ச்சிலும் செப்டம்பரிலும் பகலும் இரவும் சமமாக வரும் நாட்களை ஒட்டி, மாலை நிழல் படிக்கட்டின் ஓரத்தில் பாம்பு நெளிவதுபோல் விழுமாம். படியேற இப்போது அனுமதி இல்லை. முழங்கால்காரர்கள் கவலைப்பட வேண்டாம், எல்லாருமே கீழே நின்றுதான் பார்க்கிறார்கள்! அதன் முன் நின்று கை தட்டினால் எதிரொலி பறவை கூவுவதுபோல் வருகிறது. பக்கத்தில் 168 மீட்டர் நீளப் பந்து விளையாட்டுத் திடல். ரப்பர் பந்தை இடுப்பால் அடித்து ஆடிய ஆட்டம்.

“இரண்டு மணிக்குப் பேருந்துக்கு வந்துவிடுங்கள்” என்று வழிகாட்டி சொல்லிவிட்டுப் போனார். என் கைக்கடிகாரத்தில் ஒன்றரை. அரை மணி நேரம்தானா என்று பதறி, அவசர அவசரமாகச் சுற்றிவிட்டு ஓடி வந்தோம். வந்தால் பேருந்தில் ஓட்டுநர்கூட இல்லை. அப்புறம்தான் தெரிந்தது, கன்கூன் நேரம் வேறு, சிச்சேன் இட்சா நேரம் வேறு. அது அடுத்த மாநிலம், ஒரு மணி நேரம் பின்தங்கி இருக்கிறது. என் கடிகாரம் கன்கூன் நேரத்தைக் காட்டிக்கொண்டிருந்தது. அந்த ஒரு மணி நேரமும் வாகன நிறுத்தத்தில் மர நிழலில் உட்கார்ந்திருந்தோம்.

இதில் எனக்கு வலித்தது எது தெரியுமா? சிச்சேன் இட்சா என்ற பெயருக்கே ‘இட்சா மக்களின் கிணற்று வாய்’ என்று பொருள். பிரமிடிலிருந்து வடக்கே சுமார் 300 மீட்டர் நடந்தால் அந்தப் புனிதக் கிணறு. மழை வேண்டித் தங்கம், பச்சைக்கல், மனித உயிர் வரை அதில் காணிக்கை இட்டார்கள். 1904-லிருந்து சில ஆண்டுகள் எட்வர்ட் தாம்ப்சன் என்ற அமெரிக்கர் அதைத் தூர்வாரி, கிடைத்த பொருள்களை ஹார்வர்டு அருங்காட்சியகத்துக்கு அனுப்பினார். பின்னாளில் ஒரு பகுதி மெக்சிகோவுக்குத் திரும்பியது. வாழ்நாள் முழுவதும் கிணறு பார்த்தவன், அந்தக் கிணற்றை மட்டும் பார்க்காமல் திரும்பினேன். என் மனைவி இன்றும் அதைச் சொல்லிச் சிரிக்கிறாள்.

இரண்டாவது பயணம் மெரிடா நகரத்திலிருந்து. இந்த முறை மகள் விசாரித்துச் சிறிய வேன் பயணமாக ஏற்பாடு செய்தாள். மொத்தம் ஆறு பேர். மாயா வழிகாட்டி, நல்ல ஆங்கிலம். காலையிலேயே உஷ்மால் போய்விட்டோம். கோயில் திறந்ததும் உள்ளே நுழைந்த முதல் கூட்டத்தில் நாங்களும் இருந்தோம். சுமார் 35 மீட்டர் உயரத்தில், முனைகள் மழுங்கி உருண்ட ஒரு பிரமிடு. கட்டடச் சுவர்களில் வரிசை வரிசையாக, தும்பிக்கை போல வளைந்த மூக்கோடு முகங்கள். அது சாக், மழைத் தெய்வம்.

“ஏன் இத்தனை மழைத் தெய்வங்கள்?” என்று கேட்டேன். வழிகாட்டி தரையில் இருந்த ஒரு துளையைக் காட்டினார். உஷ்மால் மேட்டுப் பகுதி. அங்கே செனோட்டே கிடையாது, நிலத்தடி நீர் மிக ஆழத்தில். அதனால் குடுவை வடிவில் பள்ளம் வெட்டி, உள்ளே சுண்ணாம்புச் சாந்து பூசி, சுற்றிலும் தளம் சரித்து, பெய்கிற மழையை அதற்குள் இறக்கிச் சேமித்திருக்கிறார்கள். பெயர் சுல்துன். ஆயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய ஒரு பெரிய நகரம் இந்தத் தொட்டிகளை நம்பித்தான் இருந்தது. 2003-இல் நம் மாநிலத்தில் மழைநீர் சேகரிப்பைக் கட்டாயமாக்கியபோது வீடு வீடாகப் போய் விளக்கியவன் நான். அந்தத் துளையருகே குனிந்து வெகுநேரம் நின்றுவிட்டேன். மற்ற ஐந்து பேரும் பிரமிடைப் படம் எடுத்துக்கொண்டிருந்தார்கள்.

பிற்பகல் ஹோமுன் என்ற ஊர். மெரிடாவுக்குத் தென்கிழக்கே சுமார் 50 கி.மீ. சுற்றிலும் செனோட்டேக்கள். ஊர்க் குடும்பங்களே பராமரித்து, நுழைவுக் கட்டணம் வாங்குகின்றன. நாங்கள் போனது குகைக்குள் இருக்கும் ஒன்று. இறங்கும் முன் குளியலறையைக் காட்டி, சோப்பில்லாமல் உடம்பை நன்றாகக் கழுவிவிட்டு வரச் சொன்னார்கள். கழுவிவிட்டு வந்தோம். வழிகாட்டி என் மனைவியின் தலையைப் பார்த்துவிட்டு, மிகப் பணிவாக, “அம்மா, தலையில் எண்ணெய் இருக்கிறது. இன்னொரு முறை அலசிவிட்டு வாருங்கள்” என்றார்.

அவளுக்கு முகம் சுருங்கிவிட்டது. தேங்காய் எண்ணெய் வைக்காமல் வெளியே கிளம்பிப் பழக்கமில்லாதவள். “என்னங்க, நம்மளை அழுக்குன்னு நினைக்கிறாங்களா?” என்று என்னிடம் தமிழில் கேட்டாள். வழிகாட்டிக்கு மொழி புரியவில்லை, முகம் புரிந்துவிட்டது. அவர் சொன்னார்: “அம்மா, வெள்ளைக்காரர்களின் சன் ஸ்கிரீனையும் இப்படித்தான் கழுவச் சொல்கிறோம். கீழே இருப்பது நீச்சல் குளம் அல்ல. எங்கள் ஊர்க் கிணறுகளுக்கும் இதே தண்ணீர்தான். எங்கள் பாறை எதையும் வடிகட்டாது.”

அவர் சொன்னது அப்படியே உண்மை. நம் மண்ணில் மணலும் களிமண்ணும் ஓரளவு வடிகட்டும். அங்கே மேல்மண் கையளவு, அதற்குக் கீழே ஓட்டை ஓட்டையான சுண்ணாம்புப் பாறை. ஒரு செனோட்டேவில் கலந்தது இன்னொன்றில் வரும். துலும் ஊர்ப் பக்கம் இரண்டு நீரடிக் குகை அமைப்புகள் ஒன்றோடொன்று இணைந்தவை என்று 2018-இல் முக்குளிப்பவர்கள் கண்டறிந்தார்கள். மொத்த நீளம் 347 கி.மீ.! நன்னீர் ஒரு படலமாக மேலே, கடல் நீர் அதன் அடியில். மேலே இருக்கும் அந்தப் படலத்தை நம்பித்தான் அங்கே வாழ்கிறார்கள்.

என் மனைவி ஒன்றும் பேசவில்லை. போய் மூன்று முறை தலையை அலசிவிட்டு வந்தாள். ஈரப் படிகளில் என் கையைப் பிடித்து இறங்கினாள். கீழே கண்ணாடி மாதிரி நீலத் தண்ணீர், அடியில் கிடக்கும் கல் வரை தெரிகிறது. சிறுமியாக இருந்தபோது ஊர்க் கிணற்றில் சுரைக்குடுக்கை கட்டிக்கொண்டு நீச்சல் பழகியவள். கல்யாணத்துக்குப் பிறகு நாற்பது வருஷத்துக்கு மேல் தண்ணீரில் இறங்கியதில்லை. லைஃப் ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டாள். முதலில் படியை விடவே இல்லை. பிறகு விட்டாள். அப்புறம் நான்தான், “போதும் வா, வேன் கிளம்பப் போகுது” என்று கூப்பிட வேண்டியிருந்தது.

திரும்பும்போது வழிகாட்டி ஒரு வழக்கைப் பற்றிச் சொன்னார். ஹோமுனில் சுமார் 49,000 பன்றிகளை வளர்க்கும் பண்ணை ஒன்று வந்தது. கழிவு தண்ணீரில் இறங்கும் என்று ஊரார் எதிர்த்தார்கள். ஊர்க் குழந்தைகள் சார்பில் வழக்குப் போட்டார்கள். 2018-இல் நீதிமன்றம் பண்ணையை நிறுத்தி வைத்தது. அதேபோல 2023 டிசம்பரில் ஓடத் தொடங்கிய ‘மாயா ரயில்’ பாதைக்காகக் கன்கூனுக்கும் துலுமுக்கும் இடையே குகைகளுக்குள் தூண்கள் இறக்கப்பட்டதும் பெரிய சர்ச்சை. ரயிலால் வேலை கிடைக்கும் என்பவர்களும் அங்கே உண்டு. நான் விருந்தாளி, தீர்ப்புச் சொல்ல மாட்டேன். ஆனால் தண்ணீர் எங்கே இருக்கிறது என்று ஊருக்கே தெரிந்திருப்பதைப் பார்த்துப் பொறாமையாக இருந்தது.

போகிறவர்களுக்குச் சில குறிப்புகள். சிறிய குழுவாகப் பாருங்கள். எத்தனை கடைகளில் நிறுத்துவார்கள் என்று பதிவு செய்யும் முன்பே கேளுங்கள். சிச்சேன் இட்சாவிலும் உஷ்மாலிலும் நுழைவுக் கட்டணம் இரண்டு பகுதியாக வாங்குகிறார்கள். பயணத் தொகையில் இரண்டும் அடக்கமா என்று கேளுங்கள். கடிகாரத்தை மாற்றுங்கள்! காலையில் கோயில், பிற்பகலில் தண்ணீர், இதுதான் சரியான வரிசை. பிடிமானமுள்ள செருப்பு, மாற்று உடை, தொப்பி வேண்டும். நீச்சல் தெரிந்தாலும் லைஃப் ஜாக்கெட் போடுங்கள், பல இடங்களில் இறங்கியதுமே ஆழம். சைவர்களுக்குச் சோளத் தோசை போன்ற தோர்த்தியாவும், பூசணி விதையும் தக்காளியும் அரைத்த சிகில் பாக் என்ற துவையலும் கைகொடுக்கும். கறுப்பு பீன்ஸில் பன்றிக் கொழுப்பு சேர்ப்பதுண்டு, கேட்டுச் சாப்பிடுங்கள். சப்போட்டா மரம் அந்த மண்ணுக்குச் சொந்தம். வழியில் பார்த்தபோது பழைய உறவினரைப் பார்த்ததுபோல் இருந்தது.

கடைசியாக ஒன்று. அடுத்த பொதுக்குழுவில், பின்பக்கக் கிணற்றை மூடி நான்கு கார் நிறுத்த இடம் செய்யலாமா என்று ஒரு தீர்மானம் வருகிறது. இடப் பற்றாக்குறை எனக்கும் தெரியும், என் மருமகன் வந்தால் கார் தெருவில்தான் நிற்கிறது. குழந்தைகள் விழுந்துவிடுவார்கள் என்ற பயமும் நியாயமானது. அதற்குக் கம்பி வலை போடலாம். ‘ஏ’ பிளாக் மொட்டை மாடி மழைநீரை வடிகட்டித் தொட்டி வழியாக அதில் இறக்கலாம். குழாய் அளவுகளை நானே வரைந்து தருகிறேன், கட்டணம் கிடையாது. வாக்களிக்கும் முன் ஒரே ஒரு முறை எல்லாரும் போய் அந்தக் கிணற்றை எட்டிப் பாருங்கள். ஹோமுன் குழந்தைகளுக்குத் தங்கள் தண்ணீர் எங்கே இருக்கிறது என்று தெரியும். நம் குழந்தைகளில் எத்தனை பேருக்கு அந்தக் கிணறு இருப்பதே தெரியும்?

படங்கள் கைப்பேசியில் இருக்கின்றன, டீ குடிக்கும்போது காட்டுகிறேன்.